பறந்துக்கிட்டே போஸ் குடுக்கணுமாம் பூநாரை!

காலங்காத்தால குடும்ப குரூப்ல சித்தப்பா ஒரு ரீல் அனுப்பியிருக்காரு. கோடியக்கரையில பூநாரை கூட்டமா பறக்குதாம், பின்னாடி புல்லாங்குழல் மியூசிக், மேல "இயற்கையின் அற்புதம்"னு எழுத்து, கீழ அத்தைங்க எல்லாம் வரிசையா கும்புடு போட்டிருக்காங்க. அற்புதமாவது மண்ணாவது! அந்த ரீல்ல எடது ஓரமா கையத் தூக்கிக் கத்திக்கிட்டு ஒரு பச்சைச் சட்டை தெரியுது பாருங்க, அது நான்தான்.

நடந்தது என்னன்னா, பூநாரைங்க பாட்டுக்கு தலையக் கவுத்து அலகால சேத்தத் துழாவி சாப்புட்டுக்கிட்டு நிக்குது, நாங்க நாலஞ்சு பேர் பைனாகுலரோட சத்தம் காட்டாம நிக்கிறோம், அப்ப ஒரு கார் வந்து நாலு கதவையும் தொறந்து வச்சு குத்துப்பாட்டு போட்டுச்சு. எறங்குனாரு நம்ம ஹீரோ. "என்னடா, பிங்க்னானுங்க, வெள்ளையா நிக்குது?" றெக்கைய மடிச்சு வச்சிருக்கிறப்ப தூரத்துலேருந்து வெளுப்பாத்தான் தெரியும், விரிச்சாத்தான் அந்தச் செவப்பும் கருப்பும் வெளிய வரும்னு கூட வந்த அறிவாளி ஒருத்தன் வெளக்கம் சொல்லித் தொலைச்சான். அவ்ளோதான், கல்லு தேட ஆரம்பிச்சாச்சு.

சேத்துல எங்கய்யா கல்லு கெடைக்கும்? விட்டாரா மனுசன்? வெயில்ல திரும்ப ரோட்டு வரைக்கும் நடந்து போயி, ஓரத்துல கெடந்த ஜல்லியப் பொறுக்கி, பேண்ட் பாக்கெட்ட ரொப்பி, ஒரு கையால பேண்டப் புடிச்சுக்கிட்டே திரும்பி வர்றாரு. மொத கல்லு பாதி தூரத்துலயே சேத்துல சொருகிக்கிச்சு. ரெண்டாவதும் அதே. பூநாரை தலையக்கூடத் தூக்கல, எனக்கு அப்பிடியே குளுகுளுன்னு இருந்துச்சு. அப்புறம் கை தட்டுனாங்க, விசில் அடிச்சாங்க, ஹாரன் அடிச்சாங்க. "ஏங்க, பாவம் சாப்புடுதுங்க"ன்னேன். "பறவைன்னா பறக்கத்தானே சார் செய்யும்?"னு என்னையே திருப்பிக் கேக்குறான்! இட்லிய வாய்ல வைக்கிற நேரம் பாத்து உங்கள எவனாச்சும் ஓட விட்டா, காலுன்னு இருந்தா ஓடத்தானே சார் செய்யும்னு விட்டுருவீங்களா?

கடைசியா டிக்கியிலேருந்து ட்ரோன எடுத்தானுங்க. மொத்தக் கூட்டமும் எந்திரிச்சிருச்சு. பக்கத்துல மேஞ்சுக்கிட்டிருந்த உள்ளானுங்களும், அதான் அந்தக் குட்டிக் கரைப்பறவைங்க, சேந்து ஓடிருச்சு. அதுல சில ஜாதி சைபீரியாலேருந்து வருது, கையில அடங்குற சைசு, திரும்பிப் போற தூரத்துக்கு ஒடம்புல கொழுப்பு ஏத்திக்கிட்டாத்தான் ஊர் போய்ச் சேரும். அதையெல்லாம் வெரட்டி விட்டுட்டு அந்த கேமரா மேதை சொல்றான், "மச்சி, ரெக்கார்ட் அமுக்கலடா, ஒன் மோர்."

ஒன் மோராம்! 1967ல வெளிமானுக்காக சரணாலயம்னு அறிவிச்ச எடம், 2002ல உலக அளவுல முக்கியமான ஈரநிலங்களோட ராம்சார் பட்டியல்ல வேற ஏறுன எடம். காட்டு உயிர சீண்டக்கூடாது, குப்பை போடக்கூடாதுன்னு 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துலயே இருக்கு. ஹீரோவுக்கு மட்டும் யாரும் தனியா வந்து சொல்லல போல. போற வழியில மேஞ்சுக்கிட்டிருந்த ஒரு கருத்த ஆண் வெளிமானப் பாத்து ஹாரன் அடிச்சு "டேய் இங்க பார்றா"ன்னு கத்துனானுங்க. அது முறுக்குக் கொம்பத் தூக்கி ஒரு பார்வை பாத்துட்டு திரும்பி நின்னுக்கிச்சு. அந்த மரியாதைதான் சரி. ஏற்கெனவே அந்தப் புல்வெளிய ஒரு பக்கம் சீமைக்கருவை தின்னுக்கிட்டு வருது, 2018ல கஜா புயல் வேற வந்து காட்டச் சாச்சுட்டுப் போச்சு. பத்தாததுக்கு இவனுங்க.

தலைவலியோட வேதாரண்யம் வந்து டீயும் வடையும் வாங்குனா, டீ ரெண்டு வாய்க்குத் தாங்கல, அதுலயும் பாதி நுரை. அத விடுங்க. வடையில உப்பு இல்ல! சுத்தி எங்க பாத்தாலும் உப்பளம், 1930ல உப்புக்காக ராஜாஜி நடந்தே வந்த ஊரு, வடையில உப்பு இல்லைங்க! கேட்டா, "சட்னியத் தொட்டுக்கங்கண்ணே"ங்கறாரு.

சட்னிலயும் இல்ல.