ஒரு ஸ்டூல் போட்டால் கடை இடிந்தா விழுந்துவிடும்?

நேற்று ராத்திரி பத்தே முக்காலுக்கு என் தங்கச்சி வீட்டுக்கு வந்தாள். உள்ளே வரவில்லை. வாசற்படியிலேயே உட்கார்ந்து, "அண்ணா, செருப்பைக் கழட்டி விடுறியா, குனிய முடியல" என்றாள். கழற்றினேன். செருப்பு வார் அழுத்திய இடம் பாதத்தில் பள்ளமாக இருந்தது. கணுக்கால் வீங்கி எலும்பே தெரியவில்லை. முட்டிக்குப் பின்னால் நீலமாக நரம்பு முடிச்சு முடிச்சாகச் சுருட்டிக்கொண்டிருக்கிறது. அவளுக்கு வயது 26. அம்மா ஒன்றும் பேசாமல் பக்கெட்டில் வெந்நீர் ஊற்றிக் கல்லுப்பைப் போட்டுக் கொண்டுவந்து வைத்தாள். எங்கள் வீட்டில் தினமும் நடப்பதுதான். ஆனால் நேற்று எனக்கு வயிறு எரிந்துவிட்டது. எழுதாமல் தூக்கம் வராது போலிருக்கிறது.

வேலூரில் ஒரு பெரிய ஜவுளிக்கடையில் குழந்தைகள் ரெடிமேட் பிரிவில் சேல்ஸ் வேலை அவளுக்கு. காலை ஒன்பதரைக்கு உள்ளே போனால் ராத்திரி ஒன்பதரைக்கு வெளியே வரலாம். பண்டிகை சீசன் என்றால் பதினொன்றும் ஆகும். சாப்பாட்டுக்கு அரை மணி நேரம், டீக்குப் பத்து நிமிஷம். மற்ற நேரமெல்லாம் நிற்க வேண்டும். வேலை இருந்தாலும் நிற்க வேண்டும், இல்லாவிட்டாலும் நிற்க வேண்டும்.

போன வாரம் அவள் டிபன் பாக்ஸை மறந்துவிட்டுப் போனதால் கொடுக்கப் போனேன். மதியம் மூன்று மணி. வெளியே வேலூர் வெயில், தெருவில் ஈ காக்கை இல்லை. அந்த மாடியில் வாங்க வந்தவர் ஒருவரும் கிடையாது. ஆறு பெண்கள் ரேக்குகளுக்கு முன்னால் வரிசையாக நின்று, மடித்து வைத்த சட்டையையே எடுத்து உதறி மறுபடியும் மடித்துக்கொண்டிருந்தார்கள். சும்மா நிற்பதாகத் தெரியக்கூடாதாம். ஒரு பெண், பதினெட்டு பத்தொன்பது வயது இருக்கும், தூணில் லேசாகச் சாய்ந்தாள். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. இன்டர்காம் அடித்தது. கீழே கேமராவில் பார்த்துவிட்டார்கள். சூப்பர்வைசர் போனை வைத்துவிட்டு, "சாயாதம்மா, பாக்கறாங்க" என்றார்.

பக்கத்திலேயே நாலு பிளாஸ்டிக் ஸ்டூல் இருந்தது. நாலும் காலி. மேலே சுவரில் ஒட்டியிருக்கிறார்கள்: வாடிக்கையாளர்களுக்கு மட்டும்.

கேட்டுவிட்டேன். "சார், யாரும் இல்லாத நேரத்துல அதுல உட்காரட்டுமே?" அந்த சூப்பர்வைசர் என்னைப் பார்த்த பார்வை இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. கோபமே இல்லை அதில். "எனக்கும் கெடையாது சார்" என்றார். ஐம்பது வயது மனிதர். அவரும் காலையிலிருந்து நின்றுகொண்டுதான் இருக்கிறார். இறங்கி வரும்போது பார்த்தேன், கீழே கல்லாவில் சாமி படத்துக்குக் கீழே குஷன் வைத்த சுழல் நாற்காலி. அந்தக் கட்டடத்தில் சம்பளம் கொடுக்கிறவரும் பணம் கொடுக்கிறவரும் உட்காரலாம். சம்பளம் வாங்குகிறவர் நிற்க வேண்டும். அவ்வளவுதான் கணக்கு.

நான் டியூஷன் சென்டரில் ஒன்பதாம் வகுப்புக்குச் சமூக அறிவியல் எடுக்கிறேன். பிரெஞ்சுப் புரட்சி, மூன்று பிரிவுகள், சாதாரண ஜனங்களான மூன்றாம் பிரிவின் தலையில் வரி எல்லாம் பாடத்தில் வருகிறது. பாடப்புத்தகத்தில் இல்லாத ஒன்றைப் பிள்ளைகளுக்குச் சொல்வேன். வெர்சாய் அரண்மனையில் ராணியின் முன்னால் உட்கார எல்லாருக்கும் உரிமை கிடையாது. டியூக்கின் மனைவி போன்ற சிலருக்குத்தான் முதுகும் கையும் இல்லாத ஒரு சின்ன முக்காலி. அதற்கு டாபூரே என்று பெயர். மற்ற சீமாட்டிகள் எத்தனை மணி நேரமானாலும் நின்றார்கள். அந்த முக்காலிக்காகக் குடும்பங்கள் அடித்துக்கொண்டன. பிள்ளைகள் சிரிப்பார்கள். எனக்கு இப்போது சிரிப்பு வருவதில்லை. அங்கேயும் உட்காருவது சுகத்துக்காக இல்லை, நீ யார் என்று காட்டுவதற்கு. அதே முக்காலிதான் பிளாஸ்டிக்கில் என் தங்கச்சி பக்கத்தில் கிடக்கிறது.

ரோமாபுரியிலும் இதே கதை. கி.மு. 67 இல் சட்டமே போட்டார்கள், நாடகம் பார்க்கும் இடத்தில் முன்னால் பதினான்கு வரிசை குதிரைவீரர் வகுப்புக்கு என்று. அந்த வகுப்பில் இருக்க நாலு லட்சம் செஸ்டர்ஸ் (அது ரோமானிய நாணயம்) சொத்து காட்ட வேண்டும். காசு இருந்தால் முன் வரிசை, இல்லாவிட்டால் பின்னால் போ.

அவ்வளவு தூரம் போவானேன். அணைக்கட்டுப் பக்கம் எங்கள் தாத்தா படியாளாக இருந்தவர். பெரிய வீட்டுக்குக் கூலி நெல் வாங்கப் போனால் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வாசலில் நிற்பார். திண்ணை காலியாகத்தான் இருக்கும். ஒருநாளும் உட்கார்ந்ததில்லை. கொத்தடிமை முறையை ஒழிக்கிற சட்டம் 1976 இல் வந்தது. ஆனால் அந்தப் பழக்கம் தாத்தாவின் உடம்பை விட்டுப் போகவே இல்லை. என் முதல் சம்பளத்தில் வீட்டுக்கு இரண்டு நாற்காலி வாங்கிப் போட்டேன். கடைசி வரைக்கும் அதன் நுனியில்தான் உட்கார்ந்தார். யாராவது வந்தால் எழுந்துவிடுவார், வந்தது கேபிள் டிவிக்குப் பணம் வாங்க வந்த பையனாக இருந்தாலும். "உக்காரு தாத்தா" என்று தோளை அழுத்தினால் அந்த உடம்பு விறைத்துக்கொள்ளும். அந்த விறைப்பை என் கை இன்னும் மறக்கவில்லை. இப்போது அவருடைய பேத்தியையும் அதே மாதிரி நிற்க வைத்துப் பழக்குகிறார்கள். மேலே ஏசி ஓடுகிறது, யூனிஃபார்ம் புடவை கொடுக்கிறார்கள், அது ஒன்றுதான் மாறியிருக்கிறது.

அம்மா கதை இதற்கு நேர் எதிர். பன்னிரண்டு வயதிலிருந்து பீடி சுற்றுகிறாள். மடியில் முறம், இலை, தூள், நூல். காலையில் உட்கார்ந்தால் ஆயிரம் பீடி ஆகும் வரை எழுந்திருக்க முடியாது. கழுத்து வளைந்துவிட்டது, முதுகு நிமிரவே நிமிராது. சுற்றிக் கொண்டுபோனால் கணக்குப் பார்க்கிறவர் கழிவு என்று கை நிறைய எடுத்து ஒதுக்குவார். அதற்குக் கூலி கிடையாது. பீடித் தொழிலாளர்களுக்கென்று 1966 இலேயே தனிச் சட்டம் வந்துவிட்டது. அம்மாவின் கழுத்துக்கு அந்தச் சங்கதி தெரியாது. அவளை எழுந்திருக்க விடவில்லை, மகளை உட்கார விடவில்லை. நம் உடம்பு எப்போது மடங்க வேண்டும், எப்போது நிமிர வேண்டும் என்பதை அடுத்தவன் முடிவு செய்கிறானே, எனக்கு ஆத்திரம் அதில்தான்.

இதே ஊரில், அந்தக் கடையிலிருந்து நடக்கும் தூரத்தில்தான் கோட்டை இருக்கிறது. 1806 ஜூலை 10 அன்று அங்கே சிப்பாய்கள் ஏன் எழுந்தார்கள்? நெற்றியில் குறி கூடாது, தாடி கூடாது, கடுக்கன் கூடாது, தோல் பட்டை வைத்த புதுத் தலைப்பாகையைத்தான் போட வேண்டும் என்று மேலிடம் உத்தரவு போட்டது. மாட்டேன் என்றவர்களுக்குச் சவுக்கடி கிடைத்தது. திப்புவின் பிள்ளைகள் கோட்டைக்குள் இருந்தது போன்ற வேறு காரணங்களும் உண்டுதான். ஆனாலும் உன் உடம்பு எப்படி இருக்க வேண்டும் என்று நான் சொல்வேன் என்ற திமிர்தான் பற்ற வைத்தது. கடைசியில் அந்த உத்தரவை வாபஸ் வாங்கினார்கள். கவர்னர் பென்டிங்கையும் தளபதி கிரடாக்கையும் இங்கிலாந்துக்குத் திருப்பி அழைத்துக்கொண்டார்கள். வருஷா வருஷம் ஜூலை 10 அன்று மக்கான் பக்கத்தில் இருக்கிற நினைவுத் தூணுக்கு மலர்வளையம் வைக்கிறோம். வைக்கட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. அந்த வழியாகத்தான் என் தங்கச்சியும் வீங்கின காலோடு பஸ் பிடிக்கப் போகிறாள்.

சரி, சட்டம் இல்லையா? இருக்கிறது! அதனால்தான் இவ்வளவு கத்துகிறேன். 2021 செப்டம்பரில் தமிழ்நாடு சட்டமன்றத்தில் கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தைத் திருத்தினார்கள். 22-ஏ என்று ஒரு பிரிவு. எல்லா ஊழியருக்கும் இருக்கை போட வேண்டும், வேலைக்கு நடுவில் உட்கார வாய்ப்புக் கிடைக்கும்போது உட்கார விட வேண்டும். இவ்வளவுதான் அதில் இருக்கிறது. ஒன்றும் பெரிய ஆசை இல்லை.

இந்தச் சட்டம் வானத்திலிருந்து விழவில்லை. கோழிக்கோடு மிட்டாய்த் தெருக் கடைகளில் வேலை செய்த பெண்கள் பல வருஷம் போராடினார்கள். தையல் வேலை செய்த பி. விஜி என்பவர் பெண்கூட்டு என்ற அமைப்பை வைத்து அவர்களைத் திரட்டினார். கழிப்பறைக்குப் போக முடியாது என்பதால் தண்ணீரே குடிக்காமல் வேலை பார்த்த பெண்கள் அவர்கள். முதலில் கழிப்பறை கேட்டார்கள், அப்புறம் நாற்காலி கேட்டார்கள். கேரளாவில் 2018 இல் திருத்தம் வந்தது. அதற்குப் பிறகுதான் இங்கேயும் வந்தது. அதற்கெல்லாம் முன்னால் இங்கிலாந்தில் 1899 இலேயே கடைப் பெண்களுக்கு இருக்கைச் சட்டம் போட்டாயிற்று, மூன்று பெண்களுக்கு ஒரு இருக்கையாவது வேண்டும் என்று. நமக்கு வந்து சேர 122 வருஷம் ஆனது. வந்தும் என்ன? தங்கச்சி சொல்கிறாள், யாரோ பார்வையிட வருகிறார்கள் என்று தகவல் வந்தால் குடோனிலிருந்து ஸ்டூல்கள் வெளியே வருமாம். அவர்கள் படி இறங்கியதும் திரும்பவும் குடோனுக்குப் போய்விடுமாம். ஆக, ஸ்டூல் வாங்கி வைத்திருக்கிறார்கள்! காசு பிரச்சினையே இல்லை. ஒரு ஸ்டூல் முந்நூறோ நானூறோ. கொடுக்க மனசு இல்லை.

"உட்கார விட்டா சோம்பேறி ஆயிடுவாங்க" என்று ஒரு வாதம். அரசு பஸ்ஸில் கண்டக்டருக்கு சீட் இருக்கிறது, டிக்கெட் கொடுக்காமல் போகிறாரா? பேங்க் கேஷியர் உட்கார்ந்துதான் பணம் எண்ணுகிறார், நோட்டு குறைகிறதா? ஆள் வந்தால் எழுந்திருக்கத் தெரியாதா இந்தப் பெண்களுக்கு?

இதைவிட வலித்தது இன்னொன்று. அன்றைக்கு பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த யாரோ ஒரு அம்மாவிடம் ஆற்றாமையில் இதைச் சொன்னேன். ஷூ கம்பெனியில் பேக்கிங் வேலையாம். "நாங்களும்தான் லைன்ல நின்னுக்கினே வேலை செய்றோம். நாங்க கேட்டோமா? நிக்கிறதுக்குத்தான சம்பளம்" என்றார். சொல்லிவிட்டுக் குனிந்து தன் கெண்டைக்காலைப் பிடித்துவிட்டுக்கொண்டார். அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. நான் நிற்கிறேன், நீயும் நில் என்று ஒரு தொழிலாளியே இன்னொருத்தியிடம் சொல்கிற அளவுக்குப் பழக்கிவிட்டார்களே, அது தாங்கவில்லை. எட்டு மணி நேர வேலைக்காக 1886 இல் சிகாகோவில் உயிர் போனது. 1923 இல் சிங்காரவேலர் சென்னையில் மே தினம் கொண்டாடினார், இந்தியாவிலேயே முதல் முறையாக. அப்படி வாங்கிய எட்டு மணி நேரத்தைத்தான் 2023 ஏப்ரலில் பன்னிரண்டாக நீட்ட வழி செய்கிற மசோதாவை நம் சட்டமன்றத்திலேயே நிறைவேற்றினார்கள். தொழிற்சங்கங்கள் சேர்ந்து எதிர்த்த பிறகுதான் வாபஸ். அது தொழிற்சாலைகளுக்கானது. என் தங்கச்சிக்கு மசோதா எதுவும் தேவைப்படவில்லை, பன்னிரண்டு மணி நேரம் தானாகவே நடக்கிறது.

கடைக்குப் போகிறவர்களிடம் ஒன்று கேட்கிறேன். உங்களுக்கு ஸ்டூலை இழுத்துப் போட்டுவிட்டு எதிரில் ஒரு பெண் கால் மாற்றிக் கால் மாற்றி நிற்பாள். ஒரு தடவை அவள் காலைப் பாருங்கள். "நீயும் உட்காரும்மா" என்று கொஞ்சம் சத்தமாகவே சொல்லுங்கள், கேமராவில் பார்க்கிறவர் காதில் விழுகிற மாதிரி.

நான் மனு எழுதிவிட்டேன். 22-ஏ பிரிவைக் குறிப்பிட்டு, தேதி, நேரம் எல்லாம் போட்டு இரண்டு பக்கம். திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்தில் கொடுக்கலாம் என்று நேற்று ராத்திரி தங்கச்சியிடம் படித்துக் காட்டினேன். வெந்நீரில் காலை வைத்துக்கொண்டு முழுசாகக் கேட்டாள். அன்றைக்கு நான் வாய் திறந்ததற்கே அவளைக் குழந்தைகள் பிரிவிலிருந்து எடுத்து, கீழே வாசலில் கும்பிட்டு வரவேற்கிற இடத்தில் நிற்க வைத்துவிட்டார்களாம். நேற்றுதான் சொன்னாள். அங்கே ரேக்கும் இல்லை, தூணும் இல்லை, கண்ணாடிக் கதவு மட்டும்தான்.

"தீபாவளி போனஸ் வந்துடட்டும்ணா. அப்புறம் குடு" என்றாள்.

அதனால்தான் கடையின் பெயரை இங்கே எழுதவில்லை. மனு என் பையில் இருக்கிறது.