முதலில் அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள்

ஒரு சமூகத்தைப் பற்றிய ஆவணப்படத்தின் நேற்றைய திரையிடலில் நடந்தது உங்களுக்கெல்லாம் தெரியும். திரும்ப விவரிக்க எனக்குத் தெம்பில்லை. அந்தச் சமூகத்துப் பெரியவர் ஒருவர் கேட்டது ஒரே கேள்வி: "எங்க சடங்கை முன்னுக்குப் பின்னா மாத்திக் காட்டியிருக்கீங்களே, ஒரு வார்த்தை கேட்டிருக்கக் கூடாதா?" பதிலுக்கு மைக்கை வாங்கிவிட்டார்கள். தங்களைப் பற்றிய ஆவணப்படத்தை அந்தச் சமூகத்தார் முதன்முதலாகப் பார்த்ததே நேற்றுதான், எங்களோடு சேர்ந்து.

முதலில் அவர்களுக்குக் காட்டுங்கள். நான் கேட்பது இவ்வளவுதான்.

பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ழான் ரூஷ், மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜர் ஆற்றில் நடக்கும் நீர்யானை வேட்டையைப் படமாக்கி, 1950களிலேயே அந்த வேட்டைக்காரர்களுக்குப் போட்டுக் காட்டினார். பின்னணியில் வேட்டைப் பாட்டைச் சேர்த்திருந்தார், அவர்களுடைய பாட்டையேதான். அவர்கள் ஒப்புக்கொள்ளவில்லை. வேட்டையில் சத்தம் கூடாது, பாட்டைக் கேட்டால் நீர்யானை ஓடிவிடும் என்றார்கள். ரூஷ் இசையை எடுத்துவிட்டார்.

"இயக்குநரின் சுதந்திரம் என்னாவது?" என்று வருவீர்கள். படத்தொகுப்பை அவர்கள் கையில் கொடுக்கச் சொல்லவில்லையே, முடிக்கும் முன் ஒருமுறை காட்டச் சொல்கிறேன். "ஒரு சமூகத்துக்குள்ளேயே பத்துக் கருத்து இருக்குமே?" இருக்கும். பத்துப் பேரையும் கேளுங்கள். "கையெழுத்து வாங்கியாச்சு" என்று மட்டும் சொல்லாதீர்கள். படப்பிடிப்பு அவசரத்தில் நீட்டிய தாளை யார் படித்தார்கள்?

நான் யோக்கியன் என்று சொல்ல வரவில்லை. என் முதல் படத்தில் ஒரு அம்மாவிடம் கைக்கடிகாரத்தைக் கழற்றச் சொன்னேன், பழமை கெடுகிறதாம். மறுபேச்சில்லாமல் கழற்றினார். படத்தைப் பார்த்துவிட்டு அதை மட்டும்தான் கேட்டார்: "மகன் முதல் சம்பளத்துல வாங்கித் தந்தது, கட்டிட்டே நின்னிருக்கலாமே தம்பி." படம் அதற்குள் வெளியே போய்விட்டது. இன்றும் அந்த வெறும் மணிக்கட்டை என்னால் பார்க்க முடியவில்லை.

1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் த நார்த்' ஆவணப்படத்தில் அமெரிக்க இயக்குநர் ஃபிளாஹர்ட்டியும் இதைத்தான் செய்தார். கனடாவின் வடக்குப் பனிப்பகுதியில் வாழும், துப்பாக்கி பழகிவிட்ட இனுயிட் மக்களை ஈட்டியோடு வேட்டையாட வைத்தார். 'நானூக்' என்று உலகமே அறிந்தவரின் சொந்தப் பெயர் அல்லகாரியல்லாக். எத்தனை பேருக்குத் தெரியும்? ஆனால் அந்த மனிதர்கூட அந்தப் பனிக்குள் புரொஜெக்டரைச் சுமந்துபோய், எடுத்ததை அவர்களுக்குப் போட்டுக் காட்டினார். நம் கையில் செல்பேசி இருக்கிறது. நேரம் இல்லை, பணம் இல்லை என்கிறோம். விழாவுக்கு அனுப்ப இருந்த நேரம் இதற்கு இல்லையா?

கூட்டம் கலைந்தபின் அந்தப் பெரியவர் வாசலில் தனியாக நின்றிருந்தார். பக்கத்தில் போனேன்.

"தம்பி, நான் ஏதும் தப்பாக் கேட்டுட்டேனா?" என்றார்.