இருட்டில் நிறுத்தி யோசிக்க வைக்கும் கேம்

அம்னீசியா: த டார்க் டிசென்ட் என்று சொன்னாலே பலருக்கும் யூடியூப்தான் ஞாபகத்துக்கு வரும். யாரோ ஒருவர் ஹெட்போனை மாட்டிக்கொண்டு விளையாடுவார், திடீரென்று நாற்காலியிலிருந்து துள்ளிக் கத்துவார், திரையின் மூலையில் அவர் முகம் தெரியும், நாம் சிரிப்போம். ஸ்வீடனைச் சேர்ந்த பியூடிபை ஆரம்பத்தில் பிரபலமானதே இந்த கேமை இப்படி விளையாடிக் காட்டித்தான். அதனாலேயே இதற்கு 'திடீரென்று எதிரில் வந்து அலறவைக்கும் கேம்' என்று ஒரு பெயர் ஒட்டிக்கொண்டுவிட்டது. முழுக்க விளையாடி முடித்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அந்தப் பெயர் இந்தக் கேமுக்குப் பெரிய அநியாயம். அரக்கன் கண்ணில் படும் நேரம் இதில் மிகக் கொஞ்சம். மீதி நேரமெல்லாம் ஒரு சாவியைத் தேடிக்கொண்டிருப்பீர்கள், ஓடாத இயந்திரத்தை ஓடவைக்கப் பார்ப்பீர்கள், கிழிந்த குறிப்பில் எழுதியிருப்பதற்கும் சுவரில் இருக்கும் நெம்புகோலுக்கும் என்ன சம்பந்தம் என்று மண்டையைக் குழப்பிக்கொள்வீர்கள். என்னை நடுங்க வைத்தது முழுக்க அந்த வேலைதான்.

கதையின் கடைசி வரை இங்கே பேசப் போகிறேன். விளையாட ஆசை இருப்பவர்கள் இங்கேயே நிறுத்திவிடுங்கள், முடித்துவிட்டு வந்து படியுங்கள். 2010 செப்டம்பரில் வந்த கேமுக்கு இனிமேல் என்ன எச்சரிக்கை என்று கேட்பீர்கள். ஆனால் ஒன்றும் தெரியாமல் உள்ளே போவதுதான் இந்தக் கேமின் உயிர், அதை ஒருவரிடமிருந்து பறிக்க எனக்கு மனமில்லை.

டேனியல் என்கிற இளைஞன் பிரஷ்யாவில் ப்ரென்னன்பர்க் என்ற கோட்டையில் தரையில் கிடந்து கண்விழிக்கிறான். தன் பெயர், லண்டனில் இருக்கும் வீடு, இதைத் தவிரப் பெரிதாக எதுவும் நினைவில்லை. அவன் கையெழுத்திலேயே அவனுக்கு ஒரு கடிதம் கிடைக்கிறது, தேதி 1839 ஆகஸ்ட் 19. மறதி மருந்தை நீயேதான் குடித்தாய், கோட்டையின் அடியாழத்துக்குப் போ, அலெக்ஸாண்டர் என்ற கிழவனைக் கொன்றுவிடு, உன்னை ஒரு நிழல் துரத்துகிறது. அவ்வளவுதான் ஆரம்பம். கையில் ஆயுதம் கிடையாது, கடைசி வரை கிடைக்கவும் கிடைக்காது. விளக்கு ஒன்று கிடைக்கும், அதற்கு எண்ணெய் தேட வேண்டும். சுவரிலும் மேஜையிலும் இருக்கும் மெழுகுவர்த்திகளை ஏற்ற தீமூட்டிகள் தேட வேண்டும். தொடக்கத்திலேயே திரையில் எழுதிக் காட்டிவிடுகிறார்கள்: ஜெயிப்பதற்காக விளையாடாதீர்கள், இந்த உலகத்துக்குள் மூழ்குங்கள் என்று. அது வெறும் பந்தா வசனம் இல்லை என்று போகப் போகப் புரிந்தது.

இதைச் செய்தவர்கள் அன்று ஸ்வீடனின் ஹெல்சிங்போரி நகரத்தில் இருந்த சிறிய நிறுவனமான ஃபிரிக்ஷனல் கேம்ஸ். 2007இல் பெனும்ப்ரா செய்த அதே ஆட்கள். அப்போதிருந்தே இவர்களிடம் ஒரு பிடிவாதம் உண்டு. மற்ற கேம்களில் கதவுக்கு முன்னால் போய் ஒரு பட்டனை அழுத்தினால் கதவு திறந்துவிடும். இவர்களிடம் அது நடக்காது. கைப்பிடியை மவுஸால் பிடித்து, இழுத்தோ தள்ளியோதான் திறக்க வேண்டும். இழுப்பறையை இழுக்க வேண்டும், சக்கரத்தைச் சுழற்ற மவுஸை வட்டமாகச் சுற்ற வேண்டும். பட்டியலில் படிக்கும்போது இது ஒரு சின்ன வசதிக் குறைவு மாதிரித்தான் தெரியும். பின்னால் தொம் தொம் என்று காலடி கேட்கும்போது அதே கதவை நீங்கள் அவசரத்தில் இழுக்க வேண்டியதற்குப் பதிலாகத் தள்ளுவீர்கள், பாதி திறந்து நிற்கும், திரும்ப இழுப்பீர்கள், உள்ளே போனபிறகு மூடவும் வேண்டும். அந்த நேரத்தில் விரல் நடுங்குவது டேனியலின் விரல் இல்லை, உங்களுடையது. ஒரே பட்டனில் திறக்கும் கதவு இந்தப் பயத்தை எந்தக் காலத்திலும் தராது.

அடுத்தது மனநிலை அளவு. உடல்நலத்துக்கு ஒரு அளவு இருப்பதுபோல மனத்துக்கும் ஒன்று இருக்கிறது. இருட்டில் நின்றால் குறையும், அரக்கனைப் பார்த்தால் குறையும், கோரமான எதையாவது கண்டால் குறையும். குறையக் குறையப் பார்வை மங்கி அலைபாயும், பல் நறநறவென்று கடிபடும் சத்தம் கேட்கும், திரையிலேயே பூச்சிகள் ஊர்வது போலிருக்கும். வெளிச்சத்தில் நின்றால் அது மேலும் சரியாமல் இருக்கும், ஆனால் வெளிச்சத்தில் நின்றால் உங்களைக் கண்டுபிடிப்பதும் எளிது. ஒளிந்துகொள்ள இருட்டு வேண்டும், இருட்டு புத்தியைத் தின்னும். இந்த இக்கட்டைப் பலரும் பாராட்டி எழுதிவிட்டார்கள். அதிகம் பேசப்படாத ஒன்று இருக்கிறது: ஒரு புதிரை விடுவித்துக் கதையில் ஓர் அடி முன்னால் போனால் மனநிலை மேலே ஏறுகிறது. இந்த ஒரு விதியை நான் ரொம்ப நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். மூலையில் பதுங்கிக் கிடந்தால் டேனியல் கெட்டுக்கொண்டே போவான். எழுந்து போய் அந்த இயந்திரத்தை என்னவென்று பார்த்தால்தான் அவன் தேறுவான். பயத்துக்கு மருந்து பயப்படும் இடத்துக்கே போய் வேலை பார்ப்பதுதான் என்று, யாரும் வசனம் பேசாமல், விதியாகவே எழுதி வைத்திருக்கிறார்கள்.

தண்ணீர் புகுந்த அந்த ஆவணக்காப்பக நிலவறையைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. கேம் ஆரம்பித்துக் கொஞ்ச நேரத்திலேயே வந்துவிடும். முழங்கால் அளவுத் தண்ணீர். அதில் ஏதோ இருக்கிறது, ஆனால் உருவம் தெரியாது. தண்ணீர் சளப் சளப்பென்று தெறிப்பது மட்டும் தெரியும், தெறிப்பு உங்களை நோக்கி வரும். நீங்கள் பெட்டிகள் மேல் ஏறி நின்றால் அதனால் ஒன்றும் செய்ய முடியாது. பெட்டிக்குப் பெட்டி தாவ வேண்டும், சில இடங்களில் தாவ முடியாத தூரம் இருக்கும். அப்போது அங்கே கிடக்கும் மனித உடலின் துண்டுகளை எடுத்துத் தூரமாக எறிந்தால் அது அந்தப் பக்கம் போய்விடும், அந்த இடைவெளியில் இறங்கி ஓடலாம். இங்கே நிறுத்தி ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். இது ஒரு சுத்தமான புதிர். எத்தனை தாவல், எந்தப் பக்கம் எறிய வேண்டும், எப்போது இறங்க வேண்டும் என்கிற கணக்கு. பகலில் தாளில் வரைந்து கொடுத்தால் பள்ளிப் பிள்ளைகூடப் போட்டுவிடும். அங்கே இரும்புக் கதவைத் தூக்க ஒரு சக்கரத்தைச் சுற்ற வேண்டும், மவுஸைச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும், தெறிப்புச் சத்தம் நெருங்கிக்கொண்டே வரும், நடுவில் விட்டுவிட்டு ஓடினால் கதவு மறுபடி இறங்கிவிடும். நான் அந்தச் சக்கரத்தைச் சுற்றிக்கொண்டிருந்தபோது மூச்சு விடவே இல்லை என்பது கதவு திறந்த பிறகுதான் தெரிந்தது. கண்ணுக்கே தெரியாத ஒன்றை வைத்து, ஒரு ரத்தக் கோர முகம்கூடக் காட்டாமல், இத்தனை பேரை அலற வைத்தார்களே, அந்தத் துணிச்சலுக்கு நான் அடிமை.

எல்லாப் புதிர்களும் இந்தத் தரத்தில் இருக்கின்றன என்று சொல்ல மாட்டேன். ஒயின் நிலவறையிலிருந்து நான்கு ரசாயனங்களை எடுத்துவந்து ஆய்வுக்கூடத்தில் அமிலம் காய்ச்சும் இடம் கொஞ்சம் அலைச்சல்தான். இயந்திர அறையில் பல்சக்கரங்களைத் தேடிப் பொருத்துவதும் நெம்புகோல்களில் எண்களைக் கூட்டிச் சரி பார்ப்பதும் பரவாயில்லை ரகம். ஆனால் பிணவறை வேறு. விஷப் பூஞ்சை மண்டிய வழியாகப் போக டேனியலுக்குத் தடுப்பு மருந்து வேண்டும். அது ஏற்கெனவே மருந்து ஏற்றப்பட்ட ஒரு பிணத்தின் ரத்தத்தில் இருக்கிறது. ஊசி செய்து அதை எடுத்து நீங்களே உங்களுக்குப் போட்டுக்கொள்ள வேண்டும். விடை கண்டுபிடித்தவுடன் வழக்கமாக வரும் அந்தச் சந்தோஷம் வந்தது. அடுத்த நொடி, எதைச் செய்துவிட்டுச் சந்தோஷப்படுகிறோம் என்று வயிறு புரட்டியது.

அந்தப் புரட்டல்தான் இந்தக் கேமின் மையம் என்று நினைக்கிறேன். கீழே போகப் போக டேனியலின் நாட்குறிப்புகள் கிடைக்கின்றன, கேட்கவே சகிக்காத பழைய குரல்கள் கேட்கின்றன. அல்ஜீரியாவில் ஒரு கல்லறையில் அவன் ஒரு கோளத்தைக் கண்டெடுத்தான், அன்றிலிருந்து நிழல் பின்தொடர்கிறது. அதிலிருந்து காப்பாற்றுவதாகச் சொல்லித்தான் அலெக்ஸாண்டர் அவனைக் கோட்டைக்கு வரவழைத்தான். சடங்குக்கு மனிதர்களைச் சித்திரவதை செய்து அவர்களிடமிருந்து எடுக்கும் சாரம் தேவைப்பட்டது, டேனியல் அதற்குக் கைகொடுத்தான். முதலில் குற்றவாளிகள்தானே என்று சமாதானம். பிறகு அந்தச் சமாதானமும் தேவைப்படவில்லை. தப்பி ஓடிய ஒரு சின்னப் பெண்ணையும் அவன் கொன்றான். அவன் குடித்த மறதி மருந்து இருக்கிறதே, அதற்கு அந்தக் கோட்டையில் இன்னொரு பயனும் உண்டு. வதை பழகிப் போய்விட்டால் கைதிகளின் பயம் குறைந்துவிடும். அதனால் அவர்களுக்கு அந்த மருந்தைக் கொடுத்து எல்லாவற்றையும் மறக்கவைத்து மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பார்கள். இதைப் படித்த இடத்தில் நான் விளையாட்டை நிறுத்திவிட்டு விளக்கைப் போட்டேன். எந்த அரக்கனும் அப்போது பக்கத்தில் இல்லை.

அந்தக் கோட்டையில் நாம் தொட்ட இயந்திரங்களும் திருகிய சக்கரங்களும் யாருக்காக ஓடிக்கொண்டிருந்தன என்று அப்புறம்தான் உறைக்கிறது. புதிர் விடுவிக்கும் நம் மூளையைப் போலவேதான் டேனியலின் மூளையும் வேலை செய்திருக்கிறது: முன்னால் ஒரு தடை, அதைத் தாண்ட ஒரு வழி, வழியில் யார் கிடந்தாலும் சரி. வெறும் படமாகப் பார்த்திருந்தால் 'எப்படிப்பட்ட மனுஷன்' என்று சொல்லிவிட்டு நகர்ந்திருப்போம். பிணத்தின் துண்டை எடுத்துத் தண்ணீரில் எறிந்த கையோடு அப்படிச் சொல்ல முடியவில்லை. யூடியூபில் பார்த்தாலே போதும் என்பவர்களோடு நான் சண்டை போடுவது இதனால்தான்.

2013இல் வந்த அம்னீசியா: எ மெஷின் ஃபார் பிக்ஸ் எனக்கு ஏன் ஒட்டவில்லை என்பதற்கும் காரணம் இதுவே. வேறொரு குழு, த சைனீஸ் ரூம், செய்தது. எழுத்து அருமை, இசையும் அருமை. ஆனால் மனநிலை அளவை எடுத்துவிட்டார்கள், பொருட்களைச் சேர்த்து வைக்கும் பையை எடுத்துவிட்டார்கள், விளக்குக்கு எண்ணெய் தேடும் தொல்லையும் போய்விட்டது. கையில் வேலை இல்லாமல் ஒரு நல்ல கதைக்குள் நடந்து போகிறோம், அவ்வளவுதான். பயம் கதையில் இருக்கிறது, கைக்கு வரவில்லை. 2023இல் ஃபிரிக்ஷனலே செய்த த பங்கர் திரும்ப அந்த வேலையைக் கையில் கொடுத்தது. முதல் உலகப் போர்க் காலப் பதுங்குகுழி, சத்தம் போட்டு ஓடும் ஜெனரேட்டர், அதற்கு ஊற்ற எரிபொருள் தேடும் அலைச்சல். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

முதல் கேமின் குறையையும் சொல்லிவிடுகிறேன். கடைசி மூன்றில் ஒரு பங்கில் கிரன்ட், புரூட் என்று ரசிகர்கள் சொல்லும் அந்த உருவங்கள் பழகிப்போய்விடுகின்றன. எப்போது வரும், எவ்வளவு நேரத்தில் போய்விடும் என்பது கைக்குப் பிடிபட்டுவிடுகிறது. நாம் செத்துத் திரும்பி வந்தால் அந்த உருவம் முன்பு நின்ற இடத்தில் பெரும்பாலும் இருப்பதில்லை, அதனால் சாவுக்கும் பெரிய மதிப்பில்லை. கதை இல்லையென்றால் அந்த இடத்தில் கேம் தொய்ந்திருக்கும்.

முடிவுக்கு வருகிறேன், எனக்கும் என் நண்பர் ஒருவருக்கும் இன்னும் ஓயாத சண்டை இது. மூன்று முடிவுகள். அலெக்ஸாண்டர் சடங்கு செய்து தன் வேற்றுலகத்துக்குப் போகும் வாசலைத் திறக்கும்போது தூண்களைத் தள்ளி அதைத் தடுத்தால் நிழல் அவனை எடுத்துக்கொள்ளும், டேனியல் கோட்டையை விட்டு வெளியே நடந்து போய்விடுவான். எதுவும் செய்யாமல் நின்றால் அலெக்ஸாண்டர் தப்பிப்பான், நிழல் டேனியலை எடுத்துக்கொள்ளும். மூன்றாவது அக்ரிப்பா. கோட்டையில் உயிரும் பிணமுமாகக் கட்டிவைக்கப்பட்டிருக்கும் அந்த மனிதர், ஒரு மருந்தைக் காய்ச்சித் தரச் சொல்லி, தன் தலையை ரம்பத்தால் அறுத்து எடுத்துப் போகச் சொல்லி, வாசல் திறக்கும்போது உள்ளே எறியச் சொல்லிக் கெஞ்சுவார். அக்ரிப்பாவும் அவருடைய மாணவர் வேயரும் 16ஆம் நூற்றாண்டில் நிஜமாகவே வாழ்ந்தவர்கள். சூனியக்காரிகள் என்று பெண்களைப் பிடித்து வதைப்பதை எதிர்த்து 1563இலேயே எழுதியவர் வேயர். வதைக்கூடம் நடக்கும் கோட்டைக் கதைக்குள் அந்தப் பெயரைக் கொண்டுவந்து வைத்தவர்களுக்கு ஒரு கும்பிடு.

நண்பர் சொல்வது டேனியல் வெளியே போவதுதான் நியாயம் என்று: ஏமாற்றப்பட்டவன், திருந்தியவன், மூலகாரணத்தை ஒழித்தவன். எனக்கு அது ஒப்பவில்லை. மருந்து குடித்து மறந்துவிட்டு, மறந்ததையே தகுதியாக வைத்துக்கொண்டு சூரிய வெளிச்சத்தில் நடந்து போக அவனுக்கு உரிமை யார் கொடுத்தது? மன்னிக்க வேண்டியவர்கள் எல்லாரும் அந்தக் கோட்டைக்குள்ளேயே செத்துக் கிடக்கிறார்கள். அக்ரிப்பாவின் முடிவில் டேனியல் யாரையோ ஒருவரைக் காப்பாற்றிவிட்டு நிழலிடம் சிக்குகிறான். அதன்பின் இருட்டில் அவனுக்கு ஓர் ஆறுதல் குரல் கேட்பதைக்கூட நான் கூடுதல் கருணை என்றே சொல்வேன், ஆனால் அவன் அந்த முழுக் கதையிலும் தனக்காக இல்லாமல் செய்த வேலை அது ஒன்றுதான். மற்ற எல்லாப் புதிர்களையும் அவன் தன் உயிருக்காக விடுவித்தான்.

விளையாடியவர்கள் எந்த முடிவை எடுத்தீர்கள் என்று எழுதுங்கள். தூண்களைத் தள்ளியவர்கள் ஏன் தள்ளினீர்கள் என்றும் எழுதுங்கள், சண்டைக்குத்தான் கேட்கிறேன்.