கிரிக்கூ கேட்ட கேள்விக்குப் பதில் வரமுதலே

சனிக்கிழமை மண்டபத்தில் பிள்ளைகளுக்குப் போட்ட "கிரிக்கூவும் சூனியக்காரியும்" என்ற கார்ட்டூன் படத்தை, பெண்கள் மார்பை மூடாமல் வருகிறார்கள் என்று இடையில் நிறுத்தியதைப் பற்றி எழுதுவதில்லை என்றுதான் இருந்தேன். "படத்தைத் தெரிவு செய்தவைக்குப் பொறுப்பு இல்லையோ?" என்று நேற்று ஒரு அண்ணை எழுதியதைப் பார்த்த பிறகு இருக்க முடியவில்லை. தெரிவு செய்தது நான்தான்.

பதினைந்து நிமிடத்தில் நிறுத்தினீர்கள். பிள்ளைகளுக்காக என்கிறீர்கள். இல்லை. பிள்ளைகள் ஒருவரும் கண்ணை மூடவில்லை, கூச்சப்படவில்லை. தாயின் வயிற்றுக்குள் இருந்தபடி கிரிக்கூ என்ற குழந்தை "அம்மா, என்னைப் பெறு" என்று கேட்க, வயிற்றுக்குள் கதைக்கத் தெரிந்தவனுக்குத் தன்னைத் தானே பெறவும் தெரியும் என்று தாய் சொல்லும் இடத்தில் அவ்வளவு பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கூச்சம் வந்தது பின்னால் நின்ற பெரியவர்களுக்கு.

1998இல் மிஷேல் ஒசலோ எடுத்த படம் இது. சின்ன வயதில் கினியாவில், கொனாக்ரியில் வளர்ந்தவர். மேற்கு ஆபிரிக்க நாட்டுக்கதை, செனகல் பாடகர் யூசு என்டூர் போட்ட இசை. பெண்களுக்கு மார்க்கச்சை வரையச் சொல்லிக் கேட்டபோது ஒசலோ மறுத்தார். இங்கே பிரான்சில் பாலர் பள்ளியிலேயே போட்டுக் காட்டுகிறார்கள். அந்த மண்டபத்தில் இருந்த பிள்ளைகளில் பாதிப் பேர் ஏற்கெனவே பார்த்தவர்கள். போய்க் கேட்டுப் பாருங்கள்.

"பள்ளிக்கூடம் காட்டினால் நாங்களும் காட்டோணுமோ, எங்களுக்கெண்டு ஒரு கலாசாரம் இல்லையோ?" என்று கேட்பீர்கள். என் அம்மம்மா சாகும் வரை சட்டை போட்டதில்லை. கிணற்றடியில் குறுக்குக்கட்டோடு நின்று எங்கள் ஐந்து பேருக்கும் துலாவால் அள்ளி அள்ளி ஊற்றுவா. முற்றத்தில் அவவின் மடியில் படுத்தால் வெற்றிலையும் வேப்பெண்ணெயும் மணக்கும். சேலைத்தலைப்பு விலகினால் விலகினபடி கிடக்கும். ஊரில் யாரும் அவவைப் பார்த்து முகத்தைத் திருப்பவில்லை. அவ கலாசாரம் இல்லாதவவா? சொல்லுங்கள்.

முன்கூட்டியே பெற்றோருக்கு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் என்பது சரி. அதை ஒத்துக்கொள்கிறேன்.

ஆனால் நிறுத்தியது அதற்காக இல்லை. கதவடியில் நின்ற ஒருவர் "இந்தக் காப்பிலிப் படத்தை ஏன் போட்டவை?" என்றார். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். அது என் காதில் விழுந்தது. இந்த நாட்டில் எங்களை எப்படியெல்லாம் கூப்பிட்டார்கள் என்று வீட்டில் சொல்லிச் சொல்லி அழுகிறவர்கள் நாங்கள். எங்களுக்கு எப்படிக் கறுப்பினத்தவரை இழிக்கும் அந்தச் சொல் வாயில் வருகிறது? நான் சத்திரசிகிச்சைக்குப் போனபோது மூன்று நாள் என் மகளுக்குச் சோறு கொடுத்தது மேல்மாடியில் இருக்கும் கினியா நாட்டுக்காரி. எங்கள் ஆட்களில் ஒருவரும் தொலைபேசி எடுத்துக்கூடக் கேட்கவில்லை. இதை எழுதக் கூடாது என்று நினைத்தேன், எழுதிவிட்டேன்.

அவவின் மகளும் சனிக்கிழமை அந்த மண்டபத்தில் இருந்தாள். தெரியுமா உங்களுக்கு? ஒன்பது வயது. பின்னலில் மஞ்சள் மணி கோத்திருந்தாள். என் மகளுக்குப் பக்கத்துக் கதிரை. விளக்குப் போட்டதும் என்னிடம் வந்து பிரெஞ்சில் "ஏன் நிறுத்தினவை?" என்று கேட்டாள். மிஷின் பழுது என்று சொன்னேன். ஒரு குழந்தைக்கு முன்னால் என்னைப் பொய் சொல்ல வைத்தீர்கள்.

படம் முழுக்கக் கிரிக்கூ கேட்பது ஒரே கேள்விதான்: சூனியக்காரி கரபா ஏன் கெட்டவள்? ஊரார் அவள் ஊற்றை வற்றவைத்தாள், ஆண்களைத் தின்றாள் என்று நம்புகிறார்கள். இரண்டும் பொய். தண்ணீரைக் குடித்தது ஊற்றுக்குள் இருந்த ஒரு பிராணி. அவளுடைய முதுகெலும்பில் ஆண்கள் சேர்ந்து பிடித்துவைத்து நஞ்சு முள் ஏற்றியிருக்கிறார்கள். அந்த நோவில்தான் அவள் அப்படி ஆனாள். இதைப் பிள்ளைகளுக்குச் சொல்லும் படத்தைத்தான் நிறுத்தினீர்கள். கரபா கெட்டவள் என்பதோடு பிள்ளைகளை வீட்டுக்கு அனுப்பினீர்கள். பெண்ணின் மார்பு தெரிந்தது கண்ணில் குத்தியது, அவள் முதுகில் இருந்த முள்ளைப் பார்க்கும் வரைக்கும் உங்களால் பொறுத்திருக்க முடியவில்லை.

ஞாயிறு பின்னேரம் அந்தப் பிள்ளையை வீட்டுக்குக் கூப்பிட்டு முழுப்படமும் போட்டேன். கிரிக்கூ பல்லால் கடித்து முள்ளை இழுக்கும்போது அந்தப் பிள்ளை முகத்தைப் பொத்திக்கொண்டாள். என் மகள் கையைப் பிடித்து விலக்கி, "முடிஞ்சுது, பார்" என்றாள். போகும்போது சப்பாத்து நாடாவைக் கட்டிக்கொண்டே, "உங்கட வீட்டு மிஷின் நல்லா வேலை செய்யுது" என்றாள்.