தெருவைக் காட்டாமலும் ஊரைச் சொல்லலாம்
இடத்தைத் திரையில் காட்டாத வீடியோ கலை நினைவைத் தொடவே முடியாது என்கிறது, வீடியோ கலை பற்றி இங்கே வந்த கட்டுரை. எனக்கு உடன்பாடில்லை. லெபனான் தலைநகர் பெய்ரூத்தில் பிறந்த கலைஞர் மோனா ஹாதும், 1975-இல் லண்டன் வந்திருந்தபோது லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டதால் லண்டனிலேயே தங்கிவிட்டவர். 1988-இல் அவர் செய்த ‘மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்’ வீடியோவில் பெய்ரூத் தெரு ஒன்றுகூடக் கிடையாது. குளிக்கும் அவருடைய அம்மாவின் நிழற்படங்கள், அவற்றின்மேல் திரைபோல அரபுக் கையெழுத்து, அம்மாவின் கடிதங்களை ஆங்கிலத்தில் வாசிக்கும் மகளின் குரல், அப்புறம் பின்னணியில் இருவரும் அரபு மொழியில் பேசிச் சிரிக்கும் ஒலி, அவ்வளவுதான். எழுத்து வரிகளுக்கு நடுவே அந்த அம்மாவைத் தேடிப் பார்க்கும்போதுதான் பிரிவின் தூரம் உறைக்கிறது. கட்டடங்களைக் காட்டியிருந்தால் இந்தத் தவிப்பு வந்திருக்குமா? வீடியோ கலையில் ஒலி வெறும் துணைக்குத்தான் என்று அந்தக் கட்டுரைக்கான கருத்துகளில் ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். ஆனால் இந்த வீடியோவில் அந்தச் சிரிப்பொலியை எடுத்துவிட்டால் வீட்டின் நெருக்கமே போய்விடும்.