டைம் கிரிஸ்டல் கனிமம் இல்லைங்க

'டைம் கிரிஸ்டல்னு ஒரு கனிமம் இருக்கு, பக்கத்தில் வைத்தால் நேரம் மெதுவாக ஓடும்' என்று ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். பெயரே அப்படி இருப்பதால் அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அது மண்ணிலிருந்து வெட்டியெடுக்கும் கல் இல்லை. நேரத்தை எதுவும் செய்வதும் இல்லை.

உப்புக்கல்லில் அணுக்கள் ஒரே அடுக்குமுறையில் திரும்பத் திரும்ப வரும். அதே ஒழுங்கு இடத்தில் இல்லாமல் காலத்தில் வர முடியுமா என்று 2012-இல் இயற்பியலாளர் ஃபிராங்க் வில்செக் கேட்டார். பெயர் அங்கே பிறந்தது. 2017-இல் அமெரிக்காவின் மேரிலாந்து, ஹார்வர்டு பல்கலைக்கழகக் குழுக்கள் செய்து காட்டியது இதுதான்: அணு அளவிலான சுழல்களை (ஸ்பின், அதாவது குட்டிக் காந்தங்கள் போல நடந்துகொள்பவை) லேசர் அல்லது மைக்ரோவேவ் துடிப்புகளால் சீராகத் தட்டினால், இரண்டு தட்டுக்கு ஒருமுறைதான் அவை பழைய நிலைக்குத் திரும்பும். தட்டு லேசாகப் பிசகினாலும் அந்தத் தாளம் மாறாது. பக்கத்துக் கடிகாரம் வழக்கம்போலத்தான் ஓடும். (ஹார்வர்டு குழு பயன்படுத்தியது வைரம். 'கல்' கதை அதிலிருந்தே கிளம்பியிருக்கலாம்.)

நீங்களே பார்த்துவிடலாம். பன்னாட்டுக் கனிமவியல் சங்கத்தின் கனிமப் பட்டியல் இணையத்தில் இலவசம். அதில் இந்தப் பெயரைத் தேடுங்கள். ஆய்வுக் கட்டுரைகளை இலவசமாகப் படிக்கக் கிடைக்கும் ஆர்க்கைவ் (arXiv) தளத்தில் 1202.2539 என்று தட்டினால் வில்செக்கின் கட்டுரை வரும். 2017 மார்ச் நேச்சர் அறிவியல் இதழில் அந்த இரண்டு சோதனைகளின் சுருக்கமும் இருக்கிறது.