அந்த 217ஆவது இதழ் வன்னியில் கண்டெடுத்ததல்ல

"பண்டாரவன்னியன் காலத்துப் புலவர் சங்கத்தின் மாத ஏடு, 217ஆவது இதழ், ஒட்டுசுட்டானில் கிடைத்தது" என்று, வன்னியின் கடைசி மன்னன் பெயரைச் சொல்லி ஒரு படம் வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. பொய். அதை எழுதியதே நான்தான்.

கிளிநொச்சியில் நாங்கள் நாலு பெடியள் சேர்ந்து ஒரு கற்பனை உலகம் செய்து விளையாடுகிறோம். அங்கே இரண்டு நிலவு, பேசும் குளங்கள், அவற்றைப் பற்றிச் சண்டை பிடிக்கிற அறிஞர் சங்கம். அந்தச் சங்கத்தின் ஏடுதான் அது. பழசாகத் தெரிய ஏ4 தாளைத் தேத்தண்ணியில் ஊறவைத்து வெயிலில் காயப்போட்டேன். மூலையில் கோப்பை வைத்த வட்டம்கூட இருக்கிறது, பெரிதாக்கிப் பாருங்கள்.

நான் சொல்வதை நம்பாவிட்டாலும் எழுத்தை நம்பலாம். மூன்றாவது வரியில் 'மலை' என்று இப்போதைய எழுத்தில் இருக்கிறது. பழைய முறையில் அந்த 'ல'வுக்கு முன்னால் இணைக்கொம்பு (ை) வராது, தும்பிக்கை மாதிரி ஒரு வளைவுதான் வரும். இப்போதைய வடிவத்தைத் தமிழ்நாட்டு அரசு ஏற்றது 1978இல். இலங்கைக்கு வந்தது அதற்கும் பிறகு. பண்டாரவன்னியன் தோற்றதைச் சொல்லும் கற்சிலைமடு நினைவுக்கல்லில் உள்ள ஆண்டோ 1803.

அப்புறம், அச்சிட்ட மாத ஏடு என்கிறார்கள். இலங்கையின் முதல் தமிழ்ப் பத்திரிகையான 'உதயதாரகை' யாழ்ப்பாணத்தில் வெளிவரத் தொடங்கியதே 1841இல்தான்.

தேதி இருக்க வேண்டிய இடத்தில் 'இரண்டாம் நிலவின் தேய்பிறை' என்று எழுதியிருந்தேன். பகிர்ந்தவர் அதை மட்டும் கவனமாக வெட்டிவிட்டார். முழுத் தாள் என்னிடம் இருக்கிறது, கேட்டால் காட்டுகிறேன்.